படத்துக்கு என்ன வேலை? ஹாரூன் ஃபரோக்கியின் ஆவணப்படங்கள்

அமெரிக்க ராணுவத்துக்கு இரண்டு மென்பொருள்கள். ஒன்று, போருக்குப் போகப்போகும் வீரர்களுக்குப் பயிற்சி தர. இன்னொன்று, போரில் மனம் சிதைந்து திரும்பியவர்களுக்குச் சிகிச்சை தர. இரண்டையும் பார்த்தால் வீடியோ கேம் மாதிரிதான் இருக்கும். இரண்டிலும் ஏறக்குறைய அதே பாலைவனம், அதே சாலை, அதே வெடிகுண்டு. ஆனால் பயிற்சி மென்பொருளில் வண்டிக்கும் மனிதனுக்கும் நிழல் விழும். எந்த ஊர், எந்த நேரம் என்று கணக்குப் போட்டு விழும். சிகிச்சை மென்பொருளில் எதற்கும் நிழல் கிடையாது. பெரிய தத்துவம் ஒன்றுமில்லை. அது கொஞ்சம் மலிவான மென்பொருள், அவ்வளவுதான்.

இந்த நிழலைக் கவனித்தவர் ஜெர்மன் ஆவணப்பட இயக்குநர் ஹாரூன் ஃபரோக்கி. 'தீவிர விளையாட்டுகள்' என்ற பெயரில் 2009, 2010 ஆண்டுகளில் அவர் செய்த நான்கு சிறு படங்களில் ஒன்றில் இது வருகிறது. இரண்டு மென்பொருள்களின் காட்சிகளையும் ஓடவிட்டு, இரண்டு வரி எழுத்தில் விஷயத்தைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறார். சண்டை போடக் கற்றுத்தரும்போது நிழலுக்குக்கூடச் செலவழித்தவர்கள் காயத்தை ஆற்றும்போது மட்டும் ஏன் கையை இறுக்கினார்கள் என்று அவர் குரலை உயர்த்திக் கேட்பதில்லை. அதை நாம்தான் கேட்டுக்கொள்ள வேண்டும்.

பரிசோதனை சினிமா என்றதும் ஆடும் கேமரா, புரியாத ஒலி, கீறல் விழுந்த ஃபிலிம் என்றெல்லாம் மனதில் வரும். ஃபரோக்கியின் படங்களில் அந்த மினுக்கம் எதுவும் இருக்காது. பல படங்கள் பார்ப்பதற்கு அலுவலகப் பயிற்சி வீடியோ போல வறட்சியாக இருக்கும். அவர் செய்தது வேறு மாதிரிச் சோதனை. சோதனைச்சாவடியில் வண்டியை ஓரங்கட்டி டிக்கியைத் திறக்கச் சொல்வார்களே, அந்த மாதிரி. ஏற்கெனவே யாரோ எடுத்த படத்தை நிறுத்தி, உன்னை எடுத்தது யார், யாருக்காக, என்ன வேலைக்காக என்று விசாரிப்பார். இந்த ஒரே விசாரணையை ஐம்பது ஆண்டுகளுக்குச் சற்றுக் குறைவாக, நூற்றுக்கும் மேற்பட்ட படைப்புகளில் நடத்தினார்.

அவர் பிறந்தது 1944 ஜனவரி 9. ஊர், இன்றைய செக் குடியரசில் இருக்கும் நோவி யிச்சின். அன்று ஜெர்மனியின் பிடியில் இருந்தது, நொய்டிட்ஷைன் என்று பெயர். பெர்லின் மீது குண்டு விழுந்துகொண்டிருந்ததால் அவருடைய தாய் அங்கிருந்து வெளியேற்றப்பட்டு அந்த ஊருக்கு வந்திருந்தார். அப்பா இந்தியர், மருத்துவர். போர் முடிந்ததும் குடும்பம் சில காலம் இந்தியாவிலும் இந்தோனேசியாவிலும் வாழ்ந்துவிட்டு 1958இல் ஹாம்பர்க் திரும்பியது. ஃபாரூக்கி என்று நாம் சுலபமாகச் சொல்லிவிடும் குடும்பப் பெயரை, ஜெர்மானியர் வாய்க்கும் பேனாவுக்கும் வசதியாக 1969இல் அவரே எளிமையாக்கிக்கொண்டார்.

அந்தப் பிறந்த ஊரிலிருந்து, நாஜிகளின் கொலை முகாம் இருந்த ஆஷ்விட்ஸ் நேர்க்கோட்டில் சுமார் 100 கிலோமீட்டர். அவர் பிறந்து மூன்று மாதம்கூட ஆகாதபோது அந்த முகாமின் மேலே ஒரு விமானம் பறந்து படம் எடுத்தது. அந்தப் படத்தைப் பற்றி அவர் பின்னாளில் ஒரு படம் எடுக்கப்போகிறார். அதற்கு முன் சிகரெட் காட்சி.

1966இல் மேற்கு பெர்லினில் புதிதாகத் திறந்த திரைப்படக் கல்லூரியின் முதல் அணியில் ஃபரோக்கி சேர்ந்தார். வியட்நாம் போர் உச்சத்தில் இருந்த காலம், மாணவர் கொந்தளிப்பு. அரசியல் காரணத்துக்காகக் கல்லூரி 1968இல் ஒரு கூட்டத்தையே வெளியேற்றியது; இவரும் அதில் ஒருவர். அதே அணியில் படித்த ஹோல்கர் மைன்ஸ் துப்பாக்கி ஏந்திய குழுவில் சேர்ந்து, சிறையில் உண்ணாவிரதம் இருந்து 1974இல் இறந்தார். ஃபரோக்கி போனது எடிட்டிங் மேஜைக்கு. கோபம் இருவருக்கும் ஒன்றுதான் என்று தோன்றுகிறது.

1969இல் வந்த 'அணைக்க முடியாத நெருப்பு', உடலில் ஒட்டிக்கொண்டு எரியும் நேபாம் குண்டு பற்றிய 25 நிமிடப் படம். கோட்டு போட்ட இளைஞர் மேஜைக்கு முன் உட்கார்ந்து, நேபாமில் எரிந்த ஒரு வியட்நாமியரின் வாக்குமூலத்தை உணர்ச்சியே இல்லாமல் படிக்கிறார். ஃபரோக்கியேதான். பிறகு நிமிர்ந்து பார்த்துச் சொல்கிறார்: நேபாம் காயங்களின் படத்தைக் காட்டினால் நீங்கள் கண்ணை மூடிக்கொள்வீர்கள், முதலில் படத்துக்கு மூடுவீர்கள், பிறகு அதன் நினைவுக்கு, பிறகு உண்மைகளுக்கு, கடைசியில் மொத்தச் சூழலுக்கே. ஆகவே காட்டப்போவதில்லை. ஒரு எரியும் சிகரெட்டை எடுத்துத் தன் முன்கையில் வைத்து அழுத்துகிறார். பின்னணிக் குரல் கணக்கு மட்டும் சொல்கிறது: சிகரெட் எரிவது 400 டிகிரியில், நேபாம் எரிவது 3000 டிகிரியில்.

பலர் இந்தக் காட்சியோடு நின்றுவிடுகிறார்கள். படத்தின் சாரம் அதற்குப் பிறகு வருவதில்தான் இருக்கிறது. மிச்சிகன் மாநிலம் மிட்லண்டில் நேபாம் தயாரித்த டவ் கெமிக்கல் நிறுவனத்தின் அலுவலகங்களை, வேண்டுமென்றே செயற்கையாக நடிக்கும் நடிகர்களை வைத்து மேற்கு ஜெர்மனியிலேயே எடுத்திருக்கிறார். (பின்னாளில், 2001இல், யூனியன் கார்பைடை வாங்கியதும் இதே டவ்தான்; போபாலை நினைக்காமல் இந்தப் படத்தை நம்மால் பார்க்க முடிவதில்லை.) அங்கே ஒவ்வொரு வேதியியலாளருக்கும் தன் முன்னால் இருக்கும் சின்னத் துண்டு வேலை மட்டும் தெரியும், எல்லாம் சேர்ந்து என்ன ஆகிறது என்பது தெரியாது, தெரிந்துகொள்ள அவசியமும் இல்லை. முடிவில் ஒரே நடிகர் மூன்று ஆளாக வருகிறார். தொழிலாளி சொல்கிறார்: நான் வேலை பார்ப்பது வாக்குவம் கிளீனர் தொழிற்சாலையில், மனைவிக்காக தினம் ஒரு பாகத்தை வீட்டுக்குக் கொண்டுவந்து சேர்த்துப் பார்க்கிறேன், எப்படிச் சேர்த்தாலும் இயந்திரத் துப்பாக்கியாகவே வருகிறது. மாணவர் சொல்வது நேர்மாறு: துப்பாக்கி செய்கிறார்கள் என்பதை நிரூபிக்கப் பாகங்களைக் கடத்தி வந்தேன், வாக்குவம் கிளீனராகவே வருகிறது. பொறியாளர், இரண்டில் எது வேண்டுமானாலும் செய்யலாம், செய்வது நாம்தான் என்கிறார். நெருப்பு விழுந்த பிறகு அணைக்க முடியாது. அது தயாராகும் இடத்திலேயே தடுக்க வேண்டும் என்பது படத்தின் வாதம். 25 வயதில் எடுத்த பிரச்சாரப் படம்தான். ஆனாலும் கொடுமையைப் பார்க்காதே, அது உற்பத்தியாகும் இடத்தைப் பார் என்ற பாதை இங்கேயே போடப்பட்டுவிட்டது.

சரி, இப்படிப் படம் எடுப்பவருக்குச் சோறு எப்படி? ஃபரோக்கி இதை ஒளிக்காமல் எழுதியிருக்கிறார். எஃகு ஆலையில் ஒரு உலையின் கழிவு அடுத்த உலைக்கு எரிபொருளாகும். தன் பிழைப்பும் அதே முறை என்றார். ஒரு படத்துக்கான ஆராய்ச்சியை வானொலி நிகழ்ச்சியாகச் செய்து அதில் வரும் பணம், அதற்காகப் படித்த புத்தகங்களுக்கு மதிப்புரை எழுதி அதில் கொஞ்சம், வழியில் கவனித்ததைத் தொலைக்காட்சிக்குத் துண்டுப் படமாக்கி அதில் கொஞ்சம். 'செசமி ஸ்ட்ரீட்' நிகழ்ச்சியின் ஜெர்மன் பதிப்புக்குக் குழந்தைப் படங்கள்கூடச் செய்தார். 1974 முதல் 1984இல் அது நின்றுபோகும்வரை 'ஃபில்ம்கிரிட்டிக்' இதழில் எழுதினார், அதைத் தொகுத்தும் வந்தார். சிறுபத்திரிகை நடத்திய, அல்லது நடத்தியவர்களுக்குக் கடன் கொடுத்த யாருக்கும் அந்த வாழ்க்கையைத் தனியாக விளக்க வேண்டியதில்லை. பணமில்லாததற்கு ஒரு கலை விளைவும் உண்டு என்று நினைக்கிறேன். எடுத்த ஃபிலிமையே திரும்பத் திரும்பப் பார்ப்பவருக்குப் புதிதாக எடுக்க வசதியுள்ளவர் காணாதது கண்ணில் படும்.

அப்படித் திரும்பப் பார்த்ததில் வந்ததுதான் அவருடைய ஆகப் பெரிய படம், 1988இல் முடிந்த 'உலகத்தின் படங்களும் போரின் பதிவும்'. நேராகக் கதை சொல்லாத கட்டுரைப் படம். 1858இல் ஆல்பிரெக்ட் மைடன்பாவர் என்ற இளைஞர் வெட்ஸ்லர் நகரத் தேவாலயத்தின் சுவரை அளக்க உயரத்தில் ஏறி, கிட்டத்தட்ட விழப்பார்த்தார். உயிரைப் பணயம் வைத்து அளப்பதற்குப் பதிலாக எட்ட நின்று எடுத்த புகைப்படத்திலிருந்தே அளந்தால் என்ன என்று அவருக்குத் தோன்றியது. படத்திலிருந்து அளக்கும் முறை அப்படிப் பிறந்தது. பக்கத்தில் போகாமல் அளக்கலாம் என்றால் பக்கத்தில் போகாமல் குறியும் வைக்கலாம். இதை ஃபரோக்கி உடனே சொல்லிவிடுவதில்லை. சுற்றி வளைத்துத்தான் வருவார்.

அப்புறம் அந்த விமானம். 1944 ஏப்ரல் 4. இத்தாலியிலிருந்து கிளம்பிய நேச நாட்டுப் படைகளின் விமானம் ஐ.ஜி. ஃபார்பென் என்ற ஜெர்மன் ரசாயனக் கம்பெனியின் தொழிற்சாலை வளாகத்தைப் படம் எடுக்கிறது. சுருள் ஓடிக்கொண்டிருந்ததில் பக்கத்திலிருந்த ஆஷ்விட்ஸ் முகாமும் பதிவாகிவிடுகிறது. படங்கள் இங்கிலாந்துக்குப் போகின்றன. அங்கே பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தவர்கள் மின் நிலையம், கார்பைடு ஆலை, கட்டப்பட்டுக்கொண்டிருக்கும் ரப்பர் ஆலை என்று ஒவ்வொன்றாகக் குறித்தார்கள். முகாமைக் குறிக்கவில்லை. தேடச் சொல்லாததால் தேடவில்லை, தேடாததால் தெரியவில்லை. 33 ஆண்டுகள் கழித்து 1977இல் சிஐஏ ஊழியர்கள் இருவர் அதே படங்களை எடுத்து வைத்து, காவல் கோபுரம், வரிசையில் நிற்கும் மனிதர்கள், நச்சுவாயு அறை என்று எழுதுகிறார்கள். படம் எடுக்கப்பட்ட மூன்றாம் நாள், ஏப்ரல் 7 அன்று, ருடால்ஃப் விர்பா, ஆல்ஃபிரெட் வெட்ஸ்லர் என்ற இரு கைதிகள் முகாமிலிருந்து தப்பி, பிறகு நடப்பதை வாயால் சொன்னதையும் ஃபரோக்கி இதன் பக்கத்தில் வைக்கிறார். வானத்தில் இருந்த கேமராவுக்கு எல்லாம் பதிவாகியிருந்தது. சேதியைச் சொல்ல இரண்டு மனிதர்கள் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடிவர வேண்டியிருந்தது. ஜெர்மன் மொழியில் அறிவொளிக் காலத்துக்கும் ராணுவ வேவுக்கும் ஒரே சொல்தான், ஆஃப்க்ளேருங். படம் முழுக்க அந்தச் சொல்லை உருட்டிக்கொண்டே இருக்கிறார்.

இதே படத்தில் எனக்கு ஒட்டாத ஓர் இடமும் உண்டு. ஆஷ்விட்ஸ் ரயில்மேடையில் நாஜிப் படை எடுத்த புகைப்படம் ஒன்றில், ஒரு பெண் கடந்து போகும்போது கேமராவைத் திரும்பிப் பார்க்கிறார். கடைவீதியில் ஒரு பெண் தன்னைப் பார்க்கும் ஆணை ஓரக்கண்ணால் கவனித்துவிட்டுப் போவது போன்ற பார்வை இது, அந்தப் பார்வையாலேயே அவர் தன் பழைய உலகத்தைப் பிடித்துக்கொள்ளப் பார்க்கிறார் என்கிறது பின்னணிக் குரல். சாவுக்கு முந்தைய ஒரு நொடிக்கு இவ்வளவு நாவல் எழுதலாமா? 1960இல் அல்ஜீரியாவில் அடையாள அட்டைக்காகப் பெண்களின் முகத்திரையை விலக்கவைத்து பிரெஞ்சு ராணுவம் எடுத்த படங்கள் வரும் இடத்தில் அவர் எவ்வளவோ அடக்கமாக இருக்கிறார். புகைப்படத்தின் மேல் தன் கையை வைத்து, ஒருமுறை வாயை மறைக்கிறார், ஒருமுறை கண்ணை. எதை மறைத்தால் எது மிஞ்சுகிறது என்று நாமே பார்த்துக்கொள்ளலாம்.

பின்னணிக் குரலே இல்லாத படங்கள் இன்னொரு வரிசை. 1990இல் வந்த 'மேற்கு ஜெர்மனியில் வாழ்வது எப்படி' 32 சிறு காட்சிகள் கொண்டது. எல்லாமே ஒத்திகை. பிரசவம் பார்க்கப் பழகுகிறார்கள், காவலர்கள் கைது செய்யப் பழகுகிறார்கள், காப்பீடு விற்கப் பழகுகிறார்கள். இடையிடையே இயந்திரங்கள் பொருள்களைச் சோதித்துக்கொண்டிருக்கின்றன. கொஞ்ச நேரத்தில் சிரிப்பு வரும், அப்புறம் அது நின்றுவிடும். ஒருவர்கூட நிஜமாக வாழ்வதாகத் தெரியவில்லை, எல்லோரும் பழகிக்கொண்டே இருக்கிறார்கள்.

அடுத்து ருமேனியா. ஆந்த்ரே உஜிகாவுடன் சேர்ந்து செய்த 'ஒரு புரட்சியின் வீடியோப் பதிவுகள்' 1992இல் வந்தது. 1989 டிசம்பர் 21 அன்று அந்நாட்டுச் சர்வாதிகாரி சௌஷெஸ்கு பால்கனியில் நின்று பேசிக்கொண்டிருக்கும்போது கூட்டத்தில் சலசலப்பு. நேரலை கேமரா தடுமாறுகிறது; கலவரத்தைக் காட்டக் கூடாது என்பது கேமராக்காரர்களுக்குத் தெரியும், எனவே கூட்டத்தை விட்டுவிட்டுக் கட்டடத்தையும் வானத்தையும் காட்டுகிறது. பிறகு போராட்டக்காரர்கள் புகாரெஸ்ட் தொலைக்காட்சி நிலையத்தைப் பிடித்து 120 மணி நேரம் இடைவிடாமல் ஒளிபரப்பினார்கள். படம் மொத்தமும் அந்த ஒளிபரப்பும் சாதாரண மக்கள் எடுத்த வீடியோவும்தான். யாருடைய கேமரா எங்கே நின்றது, ஏன் அங்கே நின்றது என்பதைப் பின்தொடர்ந்தே ஓர் ஆட்சி விழுவதைச் சொல்லிவிடுகிறார்கள். எங்கிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு நான் இந்தப் படத்தைத்தான் சொல்வேன். ஃபரோக்கியின் படங்களில் நாற்காலி நுனியில் உட்காரவைப்பது இது ஒன்றுதான்.

1990களின் நடுவில் அவர் கலைக்கூடங்களுக்கு நகர்ந்தார். 1995இல் பிரான்ஸின் லீல் நகர அருங்காட்சியகம் கேட்டுக்கொண்டதற்காகச் செய்த 'இடைமுகம்' முதல் அடி. அதில் தன் எடிட்டிங் மேஜையையே படமாக்கினார். வீடியோ எடிட்டிங்கில் இரண்டு திரைகள் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். அதே அமைப்பைப் பார்வையாளர் முன் வைத்துவிட்டார். சினிமாவில் அடுத்த ஷாட் வந்தால் முந்தைய ஷாட் போய்விடும். இங்கே இரண்டும் சேர்ந்தே நிற்கும். ஒன்று மற்றதை விரட்டாது. அதுவா இதுவா என்பதற்குப் பதில் அதுவும் இதுவும் என்று சொல்லலாம். மென்மையான தொகுப்பு என்று அதற்குப் பெயரிட்டார்.

'கண்/இயந்திரம்' என்ற மூன்று பகுதி படைப்பு (2001–2003) இந்த இரட்டைத் திரையில்தான் ஓடியது. 1991 வளைகுடாப் போரில் குண்டின் மூக்கில் பொருத்திய கேமரா இலக்கை நெருங்கி நெருங்கி, பட்டென்று திரை வெறுமையாகும் காட்சியை அந்தக் காலத் தொலைக்காட்சி திரும்பத் திரும்பக் காட்டியது. அது மனிதர் பார்க்க எடுத்த படமே அல்ல என்கிறார் ஃபரோக்கி. எதையும் காட்டுவதற்காக எடுக்கப்படாமல், ஒரு வேலை நடந்து முடிவதற்காக மட்டும் எடுக்கப்படும் படங்களுக்குச் செயல்படு படங்கள் என்று பெயர் வைத்தார். சிக்னலைத் தாண்டியதும் நம்பர் பிளேட்டைப் படித்து போனுக்கு அபராத மெசேஜ் அனுப்பிவிடுகிறதே ஒரு கேமரா, அந்தப் படத்தை யார் பார்த்தார்கள்? பெரும்பாலும் யாரும் இல்லை. இன்று இயந்திரப் பார்வை பற்றி எழுதும் கல்வியாளர்கள் பலர் இந்த ஒரு சொல்லை வைத்துத்தான் தொடங்குகிறார்கள்.

ஆனால் என்னை அதிகம் தொந்தரவு செய்த படம் 2007இல் வந்த 'தவணை'. மறுபடியும் 1944. நெதர்லாந்தின் வெஸ்டர்போர்க் முகாமிலிருந்து ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்கள் கிழக்கே ஆஷ்விட்ஸ் போன்ற முகாம்களுக்கு அனுப்பப்பட்டார்கள். முகாம் தளபதியின் உத்தரவில் ருடால்ஃப் பிரெஸ்லவர் என்ற யூதக் கைதி அங்கே எடுத்த ஊமைப்படச் சுருள்கள் மிஞ்சியிருக்கின்றன. ஃபரோக்கி அவற்றில் இசை சேர்க்கவில்லை, குரல் சேர்க்கவில்லை. 40 நிமிடம் மௌனம். இடையிடையே எழுத்து அட்டை மட்டும். காட்சிகளில் ஆட்கள் பழைய கேபிள்களைப் பிரிக்கிறார்கள், உடற்பயிற்சி செய்கிறார்கள், மேடையில் ஆடிப் பாடுகிறார்கள், சிரிக்கவும் சிரிக்கிறார்கள். ஏன் சிரிப்பு? இந்த முகாம் உருப்படியான தொழிற்கூடம் என்று காட்டத் தளபதி நினைத்திருக்கலாம். முகாம் ஓடும்வரை ரயில் ஏறாமல் இருக்கலாம் என்று கைதிகளும் நினைத்திருக்கலாம். இந்தப் படம் எடுக்கப்பட்டதற்கு அதுதான் வேலை: நாளைத் தள்ளிப்போடுவது.

ரயில் கிளம்பும் காட்சியில் ஒரு சூட்கேஸின் மேல் பெயரும் பிறந்த தேதியும் மங்கலாகத் தெரிகின்றன. அதைப் பட்டியல்களோடு ஒப்பிட்டு, அது 1944 மே 19 அன்று கிளம்பிய ரயில் என்று ஏற்கெனவே கண்டுபிடித்திருந்தார்கள். ஃபரோக்கி அந்தச் சட்டகத்தை நிறுத்திக் காட்டுகிறார். கதவிடுக்கில் தலையில் துணி கட்டிய ஒரு சிறுமி எட்டிப் பார்க்கிறாள். அவள் பெயர் செட்டெலா. யூதச் சிறுமி என்று பல ஆண்டுகள் நினைத்திருந்தார்கள். ரோமா மக்களில் ஒரு பிரிவான சின்டி இனத்தவள் என்பது 1990களில்தான் தெரியவந்தது. சுருள்களில் இவ்வளவு நெருக்கமாக எடுத்த முகம் இது ஒன்றுதான். அந்த முகத்தில் இருந்த பயத்தைப் பார்த்த பிறகு பிரெஸ்லவர் வேறு முகங்களை நெருங்காமல் விட்டிருப்பார் என்று ஃபரோக்கி ஊகிக்கிறார். ரயில்மேடைப் பெண்ணுக்கு எழுதிய வரிகளோடு ஒப்பிட்டால் இந்த ஊகம் எவ்வளவு சின்னது! இருபது ஆண்டுகளில் மனிதர் பேச்சைக் குறைத்துக்கொண்டுவிட்டார்.

தொழிலைப் பார்ப்பது மட்டும் கடைசிவரை குறையவில்லை. சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் 1895இல் தங்கள் லியோன் தொழிற்சாலை வாசலில் கேமராவை வைத்துத் தொழிலாளர்கள் வெளியே வருவதை எடுத்தார்கள். நூறு ஆண்டு கழித்து 1995இல், உலக சினிமாவில் ஆலை வாசல் வரும் காட்சிகளையெல்லாம் சேர்த்து 'தொழிலாளர்கள் ஆலையை விட்டு வெளியேறுகிறார்கள்' என்ற படம் செய்தார். வேலை முடிந்து ஆள் வெளியே வந்த பிறகுதான் சினிமாவில் கதையே தொடங்குகிறது. காதலும் கொலையும் வாசலுக்கு இந்தப் பக்கம்தான் என்பது அவர் கவனிப்பு. 2009இல் 'ஒப்பிட்டால்' படத்துக்காக வாசலுக்கு அந்தப் பக்கம் போனார். பொருள், செங்கல். புர்கினா ஃபாசோவில் ஊரே கூடி மண்ணை மிதிக்கிறது, இந்தியாவில் கையால் அறுத்துத் தலையில் சுமக்கிறார்கள், ஐரோப்பாவில் ஆளே இல்லாத ஆலையில் கல் நகர்கிறது, சுவிட்சர்லாந்தில் ரோபோ கை அடுக்குகிறது. எது மேல் என்று தீர்ப்பு இல்லை. ஏழை நாட்டுக் காட்சிகளுக்குப் புல்லாங்குழலும் போடவில்லை, அதற்கே அவருக்கு நன்றி சொல்ல வேண்டும்.

கடைசி ஆண்டுகளில் ஒரு பக்கம் வீடியோ கேம்களில் மரமும் தண்ணீரும் மேகமும் எப்படி மாறிவந்தன என்று பார்க்கும் 'இணை' வரிசை. இன்னொரு பக்கம், மனைவி ஆன்ட்யே ஏமானுடன் சேர்ந்து 2011 முதல் 'ஒரே ஷாட்டில் உழைப்பு' என்ற பயிற்சிப் பட்டறைகள். பெங்களூர், ஹனோய், கெய்ரோ, ஜோஹன்னஸ்பர்க், மெக்சிகோ நகரம் என்று 15 நகரங்கள். விதி எளிது: ஒரு வேலையை எடுங்கள், ஒன்று அல்லது இரண்டு நிமிடம், கேமரா நகரலாம், வெட்டக் கூடாது. எடிட்டிங் மேஜையிலேயே வாழ்நாளைக் கழித்தவர் வைத்த விதி இது. வெட்ட வழியில்லை என்றால் எங்கே தொடங்குவது, எங்கே நிறுத்துவது என்று வேலையையே கவனித்து முடிவெடுத்தாக வேண்டும். லூமியேர் காலத்துக் கேமராக்காரர் செய்ததும் அதுதான்.

2014 ஜூலை 30 அன்று, 70 வயதில், பெர்லின் அருகே ஃபரோக்கி இறந்தார். பட்டறைகளை ஆன்ட்யே ஏமான் வேறு நகரங்களில் தொடர்ந்தார். எடுத்த ஒரு நிமிடப் படங்கள் நூற்றுக்கணக்கில் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. நகரத்தை வைத்துத் தேடலாம், தொழிலை வைத்துத் தேடலாம், நிறத்தை வைத்தும் தேடலாம்.